நான் மொழிபெயர்க்காத ஐந்து நிமிடம்

பாப்பா,

ஞாயிற்றுக்கிழமை நீ போனில் கேட்டது எனக்கு நன்றாகவே கேட்டது. "லைன் சரியில்லம்மா, அப்புறம் பேசறேன்" என்று சொல்லி வைத்துவிட்டேனே, லைனில் ஒரு கோளாறும் இல்லை. டெல்லியில் உன் அறையில் மின்விசிறி சுற்றுகிற சத்தம் வரை இங்கே கேட்டது. "இன்னாப்பா, அந்தப் பார்லிமென்ட் கமிட்டி நம்ம ஊருக்கு வந்தப்ப நீதான மொழிபெயர்ப்பு பண்ண? நெஞ்சு வியாதிய பத்தி யாருமே ஒண்ணும் சொல்லலயா?" என்று கேட்டாய். ஒரே வார்த்தையில் பதில் சொல்லி முடிக்கக்கூடிய கேள்விதான். நீ உன் பார்லிமென்ட் ஆபீஸ் ரகசியம் எதையும் என்னிடம் சொல்லிவிடவில்லை, அது எனக்குத் தெரியும். அச்சாகி வெளிவந்த பழைய அறிக்கையைப் படித்துவிட்டு, ஊர்க்காரி என்ற முறையில் கேட்டாய். நான்தான் திருடனைப் போல போனை வைத்துவிட்டு வாசலில் போய் நின்றேன். உன் அம்மா, "இன்னா, புள்ள எதுனா சொல்லிச்சா, மூஞ்சி ஒருமாதிரி கீது" என்று கேட்டாள். டெல்லியில் குளிர் அதிகமாம் என்று அவளிடம் ஒரு பொய் சொன்னேன். பொய் சொல்வதில் எனக்கு ஒரு பழக்கம் இருக்கிறது என்பதை இந்தக் கடிதம் முடிவதற்குள் நீயே தெரிந்துகொள்வாய்.

நீ படித்த அறிக்கையில் ஒரு வரி இருக்கிறது. குழு சந்தித்த குடியிருப்பாளர்களின் பிரதிநிதிகள் எவரும் உடல்நலம் சார்ந்த குறை எதையும் குழுவின் கவனத்துக்குக் கொண்டுவரவில்லை என்று. ஆங்கிலத்தில் அது இன்னும் சுத்தமாக, சலவை செய்து மடித்து வைத்ததுபோல் இருக்கும். எழுதியவர்மேல் தப்பில்லை. அவர் காதுக்கு எது போனதோ அதைத்தான் எழுதினார். ஆனால் சொன்ன ஆள் ஒருவர் இருந்தார். எழுந்து நின்று, முன்னால் இருந்த நாற்காலியின் முதுகைப் பிடித்துக்கொண்டு, இடையிடையே மூச்சு வாங்கி, ஐந்து நிமிடம் சொன்னார். அவர் உன் அம்மாவின் அண்ணன், உன் பெரிய மாமா ஏழுமலை. அவர் சொன்னதை அந்த மேஜைக்குப் போகவிடாமல் நிறுத்தியவன் நான்.

மாமாவை உனக்கு அவருடைய கடைசி வருடங்களில்தான் அதிகம் நினைவிருக்கும். நீ பெங்களூருக்குக் காலேஜ் போன காலத்தில் காலை ரயிலுக்கு கோரமண்டல் ஸ்டேஷன் வரைக்கும் உன் பையைத் தூக்கிக்கொண்டு வருவார். முதல் வருடம் பிளாட்பாரம் வரைக்கும் வந்தார். அப்புறம் பாதி வழியில் நின்று, "நீ போம்மா, நா பின்னாடியே வரேன்" என்று பையை உன் கையில் கொடுத்துவிடுவார். பின்னாடி வந்ததே இல்லை. நந்திதுர்க் தங்கச் சுரங்கத்தில் பாறையில் துளை போடும் டிரில் மெஷினைப் பிடித்தவர். சுரங்கத்தை மூடுகிற வரைக்கும் அந்த வேலைதான். உனக்குக் காது குத்தினபோது அவர் மடியில்தான் உட்காரவைத்தோம். நீ அழுததைவிட அவர் அதிகமாக அழுதார் என்று உன் அம்மா இன்றைக்கும் சொல்லிச் சிரிப்பாள். நான் டைம் ஆபீஸ் குமாஸ்தா. ஒருநாளும் சுரங்கத்து லிஃப்ட் கூண்டில் ஏறிக் கீழே இறங்கி வேலை செய்தவன் இல்லை. யார் எந்த ஷிப்டில் இறங்கினார்கள், யார் ஏறினார்கள் என்று எழுதுவதுதான் என் வேலை. என் நெஞ்சு இன்றைக்கும் சுத்தமாக இருக்கிறது.

சுரங்கத்துக்குள் ஒரு பழக்கம் இருந்தது. மேலேயிருந்து பெரிய ஆபீசரோ இன்ஸ்பெக்டரோ கீழே வேலை நடக்கிற மட்டத்துக்கு வந்தால், ஆட்கள் எல்லாரும் சுவரோரம் ஒதுங்கிக்கொள்வார்கள். மேஸ்திரி மட்டும்தான் பேசுவார். கேள்வி உன்னைப் பார்த்துக் கேட்டாலும் பதில் மேஸ்திரியிடமிருந்துதான் வரும். இருட்டும் இரைச்சலுமாக இருக்கிற இடத்தில் ஆளுக்கு ஒன்று சொன்னால் உயிருக்கு ஆபத்து என்று ஆரம்பித்தது அது என்பார்கள். பிறகு ஆபத்து இல்லாத இடங்களுக்கும் அது வந்துவிட்டது. கவுன்சிலர் வந்தாலும் ஒரே வாய், போலீஸ் வந்தாலும் ஒரே வாய், சாவு வீட்டுப் பஞ்சாயத்திலும் ஒரே வாய். மற்றவன் வாய் திறந்தால், "மேஸ்திரி பேச சொல்ல நீ இன்னாத்துக்கு நடுவுல வர" என்று அதட்டுவார்கள். இதை ஒற்றுமை என்று நாங்கள் பெருமையாகச் சொல்லிக்கொண்டோம். தொழிலாளர் சங்கத்தில் இருந்த நானும்தான் சொன்னேன், மைக்கைப் பிடித்துச் சொன்னேன்.

நீ ஏழாம் வகுப்பு படித்த வருடம் அந்தக் குழு வரப்போவதாகச் செய்தி வந்தது. சுரங்கம் மூடி சில வருடம் ஆகிவிட்டிருந்தது. கம்பெனி கட்டின லைன் வீடுகளில் நாம் குடியிருந்தோமே தவிர, எப்போது காலி பண்ணச் சொல்வார்களோ என்று எல்லாரும் பயந்துகொண்டிருந்தோம். வீட்டை நம் பேருக்கு எழுதிக் கொடுக்கச் சொல்லி எத்தனை மனு எழுதியிருப்பேன் என்று எனக்கே நினைவில்லை. குழு வருவதற்கு முந்தின நாள் சாயங்காலம் சங்க அறையில் கூடினோம். எங்கள் தலைவர் எங்கிருந்தோ ஒரு செய்தி கொண்டுவந்திருந்தார். யாரோ விஷயம் தெரிந்தவர் சொன்னாராம்: தங்கம் பிரித்த கழிவைக் கொட்டி வைத்த சைனைடு மேட்டுத் தூசியையும் நுரையீரலையும் பற்றிப் பேசினால், இந்த இடமே மனிதர் வாழ லாயக்கில்லை என்று குழு எழுதிவிடும், அப்புறம் வீடு கேட்கிற பேச்சே எடுபடாது, மூட்டை கட்ட வேண்டியதுதான் என்று. யார் அந்த விஷயம் தெரிந்தவர் என்று ஒருவரும் கேட்கவில்லை. நானும் கேட்கவில்லை. "உடம்ப பத்தி ஒருத்தரும் வாய தொறக்கக் கூடாது. வூடு மட்டும்தான் பேச்சு" என்று முடிவு பண்ணினார்கள். இங்கிலீஷ் தெரிந்தவன் என்று என்னை மேஸ்திரி ஆக்கினார்கள். மாமாவும் அந்த அறையில்தான் பின்னால் உட்கார்ந்திருந்தார். அந்த முடிவு எடுத்து முடிக்கிற வரைக்கும் அவர் இருமிக்கொண்டேதான் இருந்தார். அவரைப் பார்த்து, நீ இன்னா சொல்ற என்று கேட்கலாம் என்ற எண்ணம் எங்களில் ஒருவனுக்கும் வரவில்லை.

மறுநாள் குழு வந்து உட்கார்ந்த ஹாலில் நான் பார்த்தது என்னைக் கொஞ்சம் அசைத்தது, அதையும் சொல்லிவிடுகிறேன். டிவியில் ஒருவரை ஒருவர் கடித்துத் தின்பதுபோல் கத்துகிற கட்சிக்காரர்கள் அங்கே ஒரே மேஜையில் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்து, ஒரே பிஸ்கட் தட்டிலிருந்து எடுத்துத் தின்றுகொண்டு, பேப்பரைப் புரட்டிக்கொண்டிருந்தார்கள். கேமரா இல்லை. கோஷம் இல்லை. ஒருவர் கேட்ட கேள்வியை எதிர்க்கட்சிக்காரர் எடுத்து இன்னும் கூர்மையாக்கிக் கேட்டார். நம் ஊரில் யாருக்கும் பதில் சொல்லியே பழக்கமில்லாத ஒரு அதிகாரி எழுந்து நின்று, கையில் இருந்த காகிதங்களைப் புரட்டி, "இதோ பார்த்துச் சொல்கிறேன் சார்" என்றார். "பார்த்துவிட்டு வந்திருக்க வேண்டாமா?" என்று ஒரு உறுப்பினர் கேட்டார். குரலை உயர்த்தாமல்தான் கேட்டார். என் வாழ்நாளில் அப்படி ஒரு அதிகாரியை அப்படி ஒருவர் கேட்டு நான் பார்த்ததில்லை. ஜனங்கள் ஓட்டுப் போட்டு அனுப்பினவர்கள், சட்டம் போட்டு முடித்த பிறகும், பணம் ஒதுக்கி முடித்த பிறகும், அது என்ன ஆயிற்று என்று திரும்பி வந்து கேட்க ஓர் இடம் உண்டு என்பது எனக்கு அன்றைக்குத்தான் கண்ணில் தெரிந்தது. மேஜையின் ஓரத்தில் கண்ணாடி போட்ட ஒரு செயலக அதிகாரி தலை நிமிராமல் எழுதிக்கொண்டிருந்தார். இன்றைக்கு உன் வேலை அவர் செய்த வேலைதான்.

நான் வீட்டைப் பற்றி நன்றாகவே பேசினேன். தலைவர் பேசினதை மொழிபெயர்த்தேன், இன்னும் இரண்டு பேர் பேசினதையும் மொழிபெயர்த்தேன். எல்லாரும் நான் முந்தின நாள் சொல்லிக்கொடுத்ததை ஒப்பித்தார்கள். குழுத் தலைவர் நன்றி சொல்லி முடிக்கப்போன சமயத்தில் மாமா எழுந்தார். யாரும் அவரைக் கூப்பிடவில்லை. அவர் சொன்னது எனக்கு இன்னும் அப்படியே காதில் நிற்கிறது. "அம்மா, ஐயா, வூடு வேணும், வேணாம்னு சொல்லல. ஆனா எங்க லைன்ல எத்தினி ஆம்பளைங்க ஒக்காந்துக்கினே தூங்கறாங்க தெரிமா? படுத்தா மூச்சு நிக்குது. டிபின்னு சொல்லி மாத்திர குடுத்தாங்க, தின்னோம். அப்பறம் டிபி இல்லன்னாங்க. இன்னா வியாதின்னு கேட்டா யாரும் வாய தொறக்கல. அடியில நாங்க தின்ன தூளு போதாதுன்னு, காத்து அடிச்சா அந்த மேட்டுலருந்து பறந்து வந்து எம் பேரப்புள்ளைங்க சோத்துல வுழுது. எங்கள ஒர் தபா நல்ல டாக்டர வெச்சிப் பாக்க சொல்லுங்க. செத்தவன வுட்டுடுங்க, கீறவன பாக்க சொல்லுங்க. இத்த எழுதிக்குங்க." நடுவில் மூன்று தடவை நிறுத்தி மூச்சு வாங்கினார். பின்வரிசையில் இருந்த தலைவர் என்னைப் பார்த்துக் கண்ணாலேயே ஒரு அதட்டல் போட்டார்.

நான் மேஜையைப் பார்த்துத் திரும்பி, இங்கிலீஷில் சொன்னேன்: இவரும் வீட்டுப் பத்திரத்தைத்தான் கேட்கிறார், குடும்பத்தோடு வெகுகாலமாக இங்கேயே இருக்கிறார். அவ்வளவுதான். இரண்டு வாக்கியம். உட்கார்ந்திருந்தவர்களில் நரைத்த தலையோடு வட நாட்டு அம்மா ஒருவர் இருந்தார். அவருக்குத் தமிழ் ஒரு எழுத்து தெரியாது. அவர் பேனாவைக் கீழே வைத்துவிட்டு என்னைப் பார்த்து, "அவர் இவ்வளவு நேரம் பேசினாரே, நீங்கள் சொன்னது இவ்வளவுதானா?" என்று கேட்டார். பாப்பா, அந்த இடத்தில் எனக்கு ஒரு கதவு திறந்தது. நான் சிரித்தேன். "வயசானவர் மேடம், சொன்னதையே திரும்பத் திரும்பச் சொல்கிறார்" என்றேன். மேஜையில் இரண்டு மூன்று பேர் மரியாதைக்குச் சிரித்தார்கள். மாமாவும் அவர்கள் சிரிப்பதைப் பார்த்துவிட்டு, கை கூப்பிவிட்டு உட்கார்ந்தார். அந்த அம்மா மட்டும் சிரிக்கவில்லை. வண்டி ஏறுகிற சமயத்தில் அந்தக் கண்ணாடி போட்ட அதிகாரி என்னிடம் வந்து, விட்டுப்போனது ஏதாவது இருந்தால் பதினைந்து நாளுக்குள் எழுதி அனுப்பலாம், தமிழிலேயே எழுதினாலும் பரவாயில்லை, மொழிபெயர்க்க எங்களிடம் ஆள் இருக்கிறார்கள் என்று சொல்லி ஒரு விலாசச் சீட்டைக் கொடுத்தார். தன் வேலையை ஒழுங்காகச் செய்த மனுஷன். நான் அந்தச் சீட்டைச் சட்டைப்பையில் போட்டேன், அது அங்கேயே இருந்து துவைப்பில் கரைந்துபோயிற்று.

வீட்டுக்குத் திரும்பி நடக்கும்போது மாமா என் தோளைப் பிடித்துக்கொண்டுதான் வந்தார். "மாப்ள, நா சொன்னத சொன்னியா?" என்று கேட்டார். "சொன்னேன் மச்சான்" என்றேன். "எழுதிக்கினாங்களா?" என்றார். "எழுதிக்கினாங்க" என்றேன். அவர் தலையை ஆட்டிக்கொண்டார். அதற்கு மேல் அதைப் பற்றி என்னிடம் ஒரு வார்த்தை கேட்டதில்லை, சாகிற வரைக்கும் கேட்டதில்லை.

அறிக்கை வந்தது. வீடுகளைக் குடியிருப்போருக்கே கொடுக்கப் பரிசீலிக்கலாம் என்று குழு எழுதியிருந்தது. நாங்கள் பட்டாசு வெடித்தோம், நீ கூட ஜிலேபி தின்றாய். குழு சொன்னால் அரசாங்கம் செய்தே தீர வேண்டும் என்று எங்களுக்கு நினைப்பு. பரிந்துரை வேறு, உத்தரவு வேறு என்று பிறகு தெரிந்தது. அரசாங்கம் பதில் சொல்லியாக வேண்டும், அவ்வளவுதான். அந்தப் பதிலில், கவனத்தில் கொள்ளப்பட்டது என்று வந்தது. நம் வீட்டுப் பத்திரம் இன்றைய தேதி வரைக்கும் அதே கவனத்தில்தான் இருக்கிறது. உடம்பைப் பற்றிப் பேசியிருந்தால் வீடு போயிருக்குமா என்று பிற்பாடு விவரம் தெரிந்த ஒரு வக்கீலிடம் கேட்டேன். அவர் என்னை ஒரு மாதிரியாகப் பார்த்தார். "வீடு ஒரு பத்தி, வியாதி ஒரு பத்தி. இரண்டையும் எழுதுவதற்குத்தானே குழு? எது முக்கியம் என்று அவர்கள் உட்கார்ந்து விவாதித்துக்கொள்ள மாட்டார்களா? நீங்கள் ஏன் அவர்களுக்குப் பதிலாக முடிவு பண்ணினீர்கள்?" என்றார். நாங்கள் சங்க அறையில் பேசி முடித்ததை அவர்கள் முன்னால் வாசித்துக் காட்டினோம். அவர்கள் பேசுவதற்கு நாங்கள் ஒன்றுமே மிச்சம் வைக்கவில்லை.

நீ பத்தாவது படிக்கும்போது மாமாவுக்கும் இன்னும் சிலருக்கும் நெஞ்சு வியாதிக்கு வைத்தியமும் உதவியும் கேட்டு மனு எழுதினேன். மனு எழுதுவதற்கு ஊரில் என்னை விட்டால் ஆள் இல்லையே. கொஞ்ச நாளில் பதில் வந்தது. இந்த விஷயத்தை நாடாளுமன்றக் குழுவே நேரில் வந்து பார்த்திருக்கிறது, அப்போது உடல்நலம் குறித்து எவரும் குறை சொல்லவில்லை என்று அறிக்கையில் இருக்கிறது, ஆகவே கோரிக்கைக்கு ஆதாரம் இல்லை என்று. நான் அந்தக் காகிதத்தை நம் வீட்டு வாசல்படியில் உட்கார்ந்து படித்தேன். நான் சொல்லாமல் விட்டது அரசாங்க முத்திரையோடு என் கைக்கே திரும்பி வந்திருந்தது. மாமா எதிரில் உட்கார்ந்து, "இன்னா எழுதிகீறாங்க?" என்றார். "பாக்கறோம்னு எழுதியிருக்காங்க மச்சான்" என்றேன். அதற்கப்புறம் எத்தனை பேர் மனு போட்டாலும் அதே பதில், அதே வரி. இந்தக் குழுக்களுக்கு என்ன அதிகாரம் இருக்கிறது, அறிக்கை எழுதி அலமாரியில் வைப்பார்கள் என்று டிவியில் ஒருவர் பேசினால் எனக்குப் பற்றிக்கொண்டு வருகிறது. ஒரு வரி எங்கள் லைனில் இத்தனை பேருக்குக் கதவைச் சாத்தியது. சாத்துவதற்குப் பலம் இருந்தால் திறப்பதற்கும் இருந்திருக்கும்தானே.

மாமா போனது உனக்குத் தெரியும். நீ காலேஜ் இரண்டாம் வருடம், பரீட்சை என்று உனக்குச் சாயங்காலம்தான் சொன்னோம். காலையில் டீ குடித்துக்கொண்டே நாற்காலியில் போய்விட்டார். படுக்கவைத்துப் பார்த்தபோதுதான் அவர் எத்தனை வருடமாக இப்படி நீட்டிப் படுக்கவில்லை என்று உன் அம்மா சொல்லிச் சொல்லி அழுதாள். சான்றிதழில் மாரடைப்பு என்று எழுதினார்கள். அதற்கும் நான்தான் போய்க் கையெழுத்துப் போட்டு வாங்கிக்கொண்டு வந்தேன். நான் ஒரு கொலைகாரன் என்று சொல்லிக்கொள்ள மாட்டேன், தூள் என்னால் வந்தது இல்லை. ஆனால் அவர் கேட்டது உயிர் இல்லை, ஒரு டாக்டர். அதை இங்கிலீஷில் சொல்ல எனக்கு அரை நிமிடம் ஆகியிருக்கும்.

உனக்குப் புத்தி சொல்ல எனக்கு என்ன யோக்கியதை என்று நீ கேட்டால் கேட்கலாம். இருந்தாலும் தப்புப் பண்ணினவனுக்கு அந்தத் தப்பின் இடுக்கு எல்லாம் தெரியும், அதனால் சொல்கிறேன். நீ ஒரு ஊருக்கு அந்தக் குழுவோடு போனால், முன்வரிசையில் உட்கார்ந்து அழகாகப் பேசுகிறவனைச் சந்தேகப்படு. பத்துப் பேர் ஒரே மாதிரி பேசினால் முந்தின நாள் ஒரு கூட்டம் நடந்திருக்கிறது என்று அர்த்தம். அங்கே யார் வாயை அடைத்தார்கள் என்று விசாரி. பேச்சு நீளமாகவும் மொழிபெயர்ப்பு குட்டையாகவும் இருந்தால் உன் மேலதிகாரி முறைத்தாலும் பரவாயில்லை, கையைத் தூக்கு. "யாரும் சொல்லவில்லை" என்று எழுதுவதற்கு முன்னால், சொல்ல விட்டார்களா என்று கேட்டுக்கொள். அந்த வார்த்தையை எழுதாமலேயே இருக்க முடியுமானால் இன்னும் நல்லது. இப்போதெல்லாம் பல சட்டங்கள் குழுப் பக்கமே போகாமல் அவசரமாக நிறைவேறிவிடுகின்றன என்று நீயே வருத்தப்பட்டாய். போகிற கொஞ்சநஞ்சத்தையும் என்னைப் போன்றவர்கள் இந்தப் பக்கத்திலிருந்து கெடுத்து வைத்திருக்கிறோம். மேலே இருக்கிறவர்கள் கேட்க மாட்டேன் என்கிறார்கள் என்று மட்டும் புலம்பிக்கொண்டிருந்தேன் இத்தனை வருடம். கேட்க வந்தவர்களிடம் நாங்கள் என்ன சொன்னோம் என்று நான் பேசியதே இல்லை.

இனி விஷயத்துக்கு வருகிறேன். நம் சுரங்க ஊரைப் பற்றி உங்கள் குழு பொதுமக்களிடம் கருத்துக் கேட்டுப் பத்திரிகையில் போட்டிருக்கிறதே, அதற்கு நான் எழுதியிருக்கிறேன். நடந்தது எல்லாவற்றையும், மாமா சொன்னதை அவர் சொன்ன பேச்சிலேயே, நான் மாற்றிச் சொன்னதை நான் சொன்ன இங்கிலீஷிலேயே எழுதியிருக்கிறேன். அந்தப் பழைய வரி தவறு, அதற்குக் காரணம் நான், கூப்பிட்டால் நேரில் வந்து சொல்கிறேன் என்று முடித்திருக்கிறேன். அது அனேகமாக உன் மேஜைக்குத்தான் வரும். வந்த அன்றைக்கே உன் மேலதிகாரியிடம் போய், இதை எழுதினது என் அப்பா என்று சொல்லிவிடு. அந்தக் கோப்பை உன்னிடமிருந்து எடுத்துவிடுவார்கள். ஆபீசில் நாலு பேர் உன்னைப் பார்த்துத் தங்களுக்குள் பேசிக்கொள்வார்கள். சேர்ந்து சில மாதம்கூட ஆகாத பெண்ணுக்கு நான் செய்கிற நல்ல காரியம் இது. சங்கத்துப் பழைய ஆட்களிடம் சொன்னேன். "இன்னாத்துக்கு இப்ப கிளற்ற, பொண்ணு இப்பத்தான் ஒரு நெலைக்கு வந்துகீது" என்றார்கள். தலைவர் இப்போது இல்லை. அவர்மேல் பழியைப் போட்டு நான் ஒரு வரிகூட எழுதவில்லை.

இந்தக் கடிதத்தைத் தபாலில் போடுவதற்கு முன்னால் உன் அம்மாவிடம் படிக்கக் கொடுத்தேன். அண்ணனுக்கு நான் செய்தது அவளுக்கு இத்தனை வருடமாகத் தெரியாது என்று நினைத்திருந்தேன். மத்தியானம் சாப்பிட்டு முடித்து, பாத்திரம் கழுவி வைத்துவிட்டு, கண்ணாடியைப் போட்டுக்கொண்டு வாசல் வெளிச்சத்தில் உட்கார்ந்து படித்தாள். நான் எதிரில் நின்றுகொண்டிருந்தேன். என்னை அடிப்பாள் என்றுகூட நினைத்தேன், அடித்திருந்தால் நன்றாக இருந்திருக்கும். பாதியில் நிறுத்திவிட்டுச் சொன்னாள். "எனக்குத் தெரியும். அன்னைக்கே அண்ணன் வந்து சொல்லிச்சி. டஸ்ட்டுன்னு ஒரு வார்த்த உம் வூட்டுக்காரு வாயில வரலம்மா, இத்தினி வருசம் டஸ்ட்டுல கெடந்த எனக்கு அந்த இங்கிலீஷ் வார்த்த தெரியாதான்னு கேட்டுச்சி. நா உன்ன கேக்கறேன்னு எழுந்தேன். அண்ணந்தான் கைய புடிச்சி, கேக்காத, அவனுக்கு வெக்கமா பூடும், நம்ம வூட்டு ஆளுதான, வுடுன்னிச்சி."

என் தோளைப் பிடித்து நடந்து வந்து, "சொன்னியா" என்று கேட்டவருக்கு, நான் சொல்லவில்லை என்று தெரிந்திருக்கிறது. தெரிந்துதான் கேட்டார். தெரிந்துதான் தலையை ஆட்டினார். அப்புறம் எத்தனையோ வருடம் என் கையால் எழுதின மனுவில் கைநாட்டு வைத்தார், நான் படித்துக் காட்டின பதில்களைக் கேட்டுக்கொண்டார்.

"அப்ப நீயாவது அப்பறமா என்ன கேட்டிருக்கலாமே" என்று அம்மாவிடம் சொன்னேன். அவள் கண்ணாடியைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டாள். "அண்ணன் சொல்லிச்சின்னுதான் கேக்கலன்னு இத்தினி நாளும் என்னயே ஏமாத்திக்கினேன். அது இல்ல. எனக்கும் வூடு வேணும்னு இருந்துச்சி" என்றாள்.

பிறகு அவளே குழுவுக்கு எழுதினதைக் கொண்டுவரச் சொல்லி, என் கையெழுத்துக்குக் கீழே தன் கையெழுத்தைப் போட்டாள். பக்கத்தில், எனக்கும் தெரியும் என்று தமிழில் எழுதினாள். இந்தக் கடிதத்தை மடித்து என் கையில் கொடுத்தபோது சொன்னாள். "புள்ளைக்கு அனுப்பு. அத்த வெச்சிக்கினு அவ இன்னா பண்ணணுமோ பண்ணட்டும். நம்ம ரெண்டு பேரயும் காப்பாத்தற வேல மட்டும் வேணாம்னு எழுது."

எழுதிவிட்டேன்.

அப்பா